ரூபாய் நோட்டில் தமிழ், வாடகைப் பத்திரத்தில் பிரெஞ்சு: மொரீஷியசில் நான் பட்டது

2018 மார்ச் முதல் வாரத்தில் மொரீஷியசில் இறங்கினேன். வயது முப்பத்தெட்டு. திருப்பூரில் பதினான்கு ஆண்டுகள் பின்னலாடைத் தொழிற்சாலைகளில் தரக்கட்டுப்பாட்டு வேலை பார்த்த அனுபவத்தை நம்பி, பத்தாம் வகுப்புப் படிக்கும் மகனை அம்மாவிடம் விட்டுவிட்டு, வீட்டுக் கடனை அடைத்துவிட வேண்டும் என்ற ஒரே எண்ணத்தில் போயிருந்தேன். விமான நிலையத்தில் கொஞ்சம் பணம் மாற்றினேன். கைக்கு வந்த நூறு ரூபாய் நோட்டைப் பார்த்தால், ஆங்கிலத்துக்கு அடுத்தபடியாகத் தமிழ் எழுத்து. அதற்குப் பிறகுதான் இந்தி. நோட்டில் இருந்த மனிதரின் பெயரை எழுத்துக் கூட்டிப் படித்தேன்: ரெங்கநாதன் சீனிவாசன். தமிழ் வம்சாவளி அரசியல் தலைவர். அங்கேயே கண் கலங்கிவிட்டது. ‘நம் ஊர்தான், பயமில்லை’ என்று அம்மாவுக்குப் போன் செய்து சொன்னேன்.

அந்த ஒரு வரியை நம்பியதால் அடுத்த பதினான்கு மாதங்களில் எனக்குப் போன பணம் மொரீஷியஸ் ரூபாயில் 80,000. அன்றைய மதிப்பில் நம் பணத்துக்கு ஒன்றரை லட்சத்துக்கும் மேல். பணத்தைவிட எனக்கு இன்றும் வலிப்பது வேறொன்று, அதையும் சொல்கிறேன். இதையெல்லாம் போவதற்கு முன் யாராவது என்னிடம் சொல்லியிருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும். யாரும் சொல்லவில்லை. வேலைக்கு அனுப்பிய ஏஜெண்ட் ‘ஆங்கிலம் தெரிந்தால் போதும், அங்கே ஆட்சிமொழி ஆங்கிலம்’ என்றார். அவர் சொன்னது பொய் இல்லை. ஆனால் கால்வாசி உண்மை.

நான் போன நேரம் நாடே கொடி கட்டியிருந்தது. மார்ச் 12 அவர்களுடைய சுதந்திர நாள். 1968இல் விடுதலை பெற்று ஐம்பது ஆண்டு நிறைவு. சிவப்பு, நீலம், மஞ்சள், பச்சை என்று நான்கு வண்ணக் கொடி பஸ், கடை, மாடி எங்கும் பறந்தது. கூட்டத்தில் நின்று பேச்சைக் காதில் வாங்கிப் பார்த்தேன். ஒரு சொல்கூடப் புரியவில்லை. தமிழ் முகம், தமிழ் நிறம், நெற்றியில் பொட்டு, கழுத்தில் முருகன் டாலர். ஆனால் வாயில் வேறு மொழி. அது கிரியோல். பிரெஞ்சுக்காரர்கள் கரும்புத் தோட்டத்துக்கு அடிமைகளாகக் கொண்டுவந்த ஆப்பிரிக்க, மடகாஸ்கர் மக்களிடையே பிறந்த மொழி. இன்று அந்தத் தீவில் நூற்றுக்கு எண்பது பேருக்கு மேல் வீட்டில் பேசுவது அதுதான். சீன வம்சாவளி, பிகார் வம்சாவளி, குஜராத்தி முஸ்லிம், தமிழர் என்று யாராக இருந்தாலும் அதுதான்.

இங்கே கொஞ்சம் வரலாறு சொல்லியாக வேண்டும், ஏனென்றால் என் பணம் போனதே அந்த வரலாற்றால்தான். தீவை 1715 முதல் பிரெஞ்சுக்காரர்கள் வைத்திருந்தார்கள். 1810இல் ஆங்கிலேயர் பிடித்தபோது, குடிமக்களின் மதம், சட்டம், வழக்கங்கள் அப்படியே இருக்கும் என்று ஒப்புக்கொண்டு பிடித்தார்கள். நூற்றைம்பது ஆண்டுகளுக்கு மேல் ஆண்ட பிறகும் பிரெஞ்சு வழி சிவில் சட்டத்தை அவர்கள் தூக்கவில்லை. ஆகவே இன்று நாடாளுமன்றச் சட்டங்கள் ஆங்கிலத்தில் இருக்கும், நீதிமன்ற நடவடிக்கை ஆங்கிலத்தில் இருக்கும், அரசுக் கடிதம் ஆங்கிலத்தில் வரும். ஆனால் வீடு, நிலம், வாடகை, சொத்து, திருமணம் ஆகியவற்றை ஆளும் சிவில் சட்டத் தொகுப்பு பிரெஞ்சில் இருக்கிறது. நாளிதழ்கள் பெரும்பாலும் பிரெஞ்சு. தெருவிலும் பஸ்ஸிலும் காவல் நிலையத்திலும் வாயில் வருவது கிரியோல். வடக்கே கிராமங்களில் வயதானவர்களிடம் போஜ்புரி கேட்கலாம். கோவிலில் தமிழ். ஒவ்வொரு மொழிக்கும் ஒரு நாற்காலி. எந்த நாற்காலியில் எது உட்கார்ந்திருக்கிறது என்று தெரியாமல் உள்ளே நுழைந்தவள் நான்.

முதல் அடி பெயரில் விழுந்தது. தொழிற்சாலையில் சேர்ந்த வாரம், மருத்துவக் காப்பீட்டுக்கு ஒரு விண்ணப்பம் கொடுத்தார்கள். முழுவதும் பிரெஞ்சு. ‘நோம்’ என்ற கட்டமும் ‘ப்ரெநோம்’ என்ற கட்டமும் இருந்தன. நோம் என்றால் பெயர் என்று யாரோ சொன்னார்கள். சரி, ப்ரெநோம் என்றால் பெயருக்கு முன்னால் வருவது, அதாவது நம் இனிஷியல் என்று நினைத்து அங்கே அப்பா பெயரையும் நோமில் என் பெயரையும் எழுதிவிட்டேன். உண்மையில் நேர் தலைகீழ். நோம் என்பது குடும்பப் பெயர். ப்ரெநோம்தான் நமக்கு வைத்த பெயர். ஆகஸ்டில் பித்தப்பை வலியால் இரண்டு நாள் தனியார் மருத்துவமனையில் படுத்தேன். 11,400 ரூபாய் கையிலிருந்து கட்டினேன். திரும்பக் கேட்டால், பாஸ்போர்ட்டில் இருக்கும் ஆளும் காப்பீட்டில் இருக்கும் ஆளும் வேறு என்று ஏழு வாரம் இழுத்தார்கள். கடைசியில் பணம் வந்தது. ஆனால் அந்த இரண்டு மாதம் ஊருக்கு அனுப்பவேண்டிய தவணையை அனுப்ப முடியாமல், தம்பியிடம் கைமாற்று வாங்கச் சொல்ல வேண்டியதாயிற்று.

பிரெஞ்சு வழக்கம் உள்ள எந்த நாட்டுக்குப் போனாலும் இதை முதலில் சரிசெய்து கொள்ளுங்கள். பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் என்ற இடத்தில் என்ன அச்சாகியிருக்கிறதோ, அது மட்டும்தான் நோம். அந்த இடம் காலியாக இருக்கும் பாஸ்போர்ட் என்றால், கிளம்புவதற்கு முன் ஊரிலேயே திருத்திக்கொள்ளுங்கள். அங்கே போய்த் திருத்துவது நாள் கணக்கில் அல்ல, மாதக் கணக்கில் ஆகும். அந்த ஊர்த் தமிழர்களுக்கே இந்தப் பெயர்ச் சிக்கல் தலைமுறை தலைமுறையாக இருந்திருக்கிறது. அவர்களின் முன்னோர் கப்பலிலிருந்து இறங்கியபோது எழுத்தர் எதைக் குடும்பப் பெயராக எழுதினாரோ, அதுவே இன்றுவரை ஓடிவருகிறது. ஒரு பாட்டனாரின் சொந்தப் பெயர் ஆறுமுகம் என்றால், இன்று அவருடைய கொள்ளுப் பேத்திகள் எல்லாருக்கும் குடும்பப் பெயர் ஆறுமுகம். அதுவும் பிரெஞ்சு எழுத்துமுறையில்.

இப்போது வலிக்கிற விஷயத்துக்கு வருகிறேன். என் லைனில் நாற்பத்திரண்டு பேர். மடகாஸ்கர் பெண்கள், வங்கதேசப் பெண்கள், உள்ளூர்க்காரர்கள். லைனுக்குத் தலைவியாக ஐம்பத்தெட்டு வயது அம்மா ஒருவர் இருந்தார். எல்லாரும் அவரைத் ‘தாந்தின்’ என்றுதான் கூப்பிடுவார்கள். கிரியோலில் அத்தை, சித்தி எல்லாவற்றுக்கும் அந்தச் சொல்தான். அசல் தமிழ்க் குடும்பப் பெயர். நெற்றியில் விபூதி. நான் சேர்ந்த இரண்டாம் நாள் ஆசையோடு அவரிடம் போய்த் தமிழில் பேசினேன். சிரித்தார், பதில் வரவில்லை. மறுபடி பேசினேன். ‘தெரியாது’ என்று கையசைத்தார். நான் ஆங்கிலத்தில், பத்துப் பேர் கேட்க, ‘தமிழ்ப் பெயரை வைத்துக்கொண்டு தமிழ் தெரியாதா? அப்புறம் எப்படி நீங்கள் தமிழர்?’ என்று கேட்டுவிட்டேன். வேடிக்கையாகக் கேட்டதாகத்தான் அப்போது எனக்குத் தோன்றியது. அவர் முகம் அப்படியே சுருங்கிவிட்டது. கையிலிருந்த பீஸை மடித்து வைத்துவிட்டு எழுந்து போனார். அதற்குப் பிறகு பல மாதங்கள் வேலை தவிர என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. அவர் பேசாததால் லைனிலும் யாரும் பேசவில்லை. மதியச் சாப்பாட்டைத் தனியாக உட்கார்ந்து சாப்பிட்டேன்.

போகிறவர்கள் எல்லாருக்கும் கையெடுத்துக் கும்பிட்டுச் சொல்கிறேன்: அந்தக் கேள்வியைக் கேட்காதீர்கள். மொரீஷியசில் மட்டுமல்ல, ரீயூனியனில், தென்னாப்பிரிக்காவில், பிஜியில், எங்கேயும் கேட்காதீர்கள். 1730களில் புதுச்சேரிப் பக்கமிருந்து கல்தச்சர்களும் தச்சர்களும் அங்கே போயிருக்கிறார்கள். 1834க்குப் பிறகு ஒப்பந்தக் கூலிகளாக இந்தியாவிலிருந்து நான்கரை லட்சம் பேர் அளவில் அந்தத் தீவுக்குப் போனார்கள். தோட்டத்துக் குடியிருப்பில் போஜ்புரிக்காரர், தெலுங்கர், மராத்தியர், தமிழர் என்று கலந்து வாழ்ந்தவர்கள் ஒருவரோடொருவர் பேச எந்த மொழி உதவியதோ அதைப் பிடித்துக்கொண்டார்கள். பிள்ளை படித்து மேலே வர ஆங்கிலமும் பிரெஞ்சும் வேண்டும். இந்த நெருக்கடியில் வீட்டுத் தமிழ் கரைந்தது. யாரும் தூக்கி எறியவில்லை. 1998இல் புதிதாக அச்சிட்ட ரூபாய் நோட்டுகளில் தமிழை இந்திக்குக் கீழே இறக்கிவிட்டார்கள். அன்று தெருவுக்கு வந்து போராடியவர்களில் பெரும்பாலோருக்கு வீட்டில் தமிழ் பேச வராது. ஆனாலும் விடவில்லை, அந்த நோட்டுகளை அரசு திரும்பப் பெற்று, பழைய வரிசையில் மறுபடி அச்சிட வேண்டியதாயிற்று. விமான நிலையத்தில் என்னை அழவைத்த அந்தத் தமிழ் வரியை எனக்காகக் காப்பாற்றி வைத்திருந்தவர்களில் தாந்தினும் ஒருவர். அவரிடம்தான் அப்படிக் கேட்டேன்.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். அந்த ஊரில் ‘இந்து’ என்று சொன்னால் பேச்சுவழக்கில் இந்தி, போஜ்புரி வழி வந்தவர்கள் என்று பொருள். தமிழர், தெலுங்கர், மராத்தியர் ஆகியோரைத் தனித்தனியாகச் சொல்வார்கள். அரசியல் சட்டத்தின் வகைப்பாட்டில் எல்லாரும் இந்து என்ற ஒரே தலைப்பில் வருவார்கள். பேச்சில் அப்படி இல்லை. நான் ‘இந்து’ என்று சொன்னதால் முதல் மகாசிவராத்திரிக்கு வேறொரு குழுவோடு யாத்திரைக்குப் பெயர் கொடுத்துவிட்டார்கள். ‘தமூல்’ என்று சொல்லுங்கள், போதும். யாரையும் எந்த இனம் என்று முகத்துக்கு நேரே விசாரிக்காதீர்கள். 1972க்குப் பிறகு அங்கே மக்கள்தொகைக் கணக்கெடுப்பிலேயே இனத்தைக் கேட்பதில்லை.

வீட்டு விஷயம். கத்ர் போர்ன் என்ற ஊரில் ஓர் இரண்டு அறை வீடு, மாதம் 16,000 ரூபாய். தரகருக்கு ஒரு மாத வாடகை, முன்பணம் இரண்டு மாதம். நான்கு பக்கப் பத்திரம் கொடுத்தார்கள். தலைப்பில் நான்கே எழுத்தில் ஒரு சொல். ஆங்கிலத்தில் படித்தால் ஜாமீன் என்று வரும். பிரெஞ்சில் அதைப் ‘பாய்’ என்று உச்சரிப்பார்கள். வாடகை ஒப்பந்தம் என்று பொருள். ஜாமீன் எதற்கு என்று கேட்டேன். தரகர் சிரித்துவிட்டு ஆங்கிலத்தில் சுருக்கமாகச் சொன்னார்: ‘ஒரு வருடம், மாத முதல் வாரம் வாடகை, சுவரில் ஆணி அடிக்கக்கூடாது.’ நான்கு பக்கத்தில் இவ்வளவுதானா என்று கேட்க எனக்குத் தோன்றவில்லை. எட்டு இடத்தில் கையெழுத்திட்டேன்.

2019 பிப்ரவரி கடைசியில் எங்கள் லைன் முழுவதையும் வடக்குப் பக்கத்துக் கிளைக்கு மாற்றினார்கள். வருடம் மார்ச் 31உடன் முடிகிறதே, வசதிதான் என்று நினைத்து வீட்டுக்காரரிடம் நேரில் போய், மாத முடிவில் காலி செய்கிறேன் என்று ஆங்கிலத்தில் சொன்னேன். ‘வி, வி, பா த்ராகாஸே’ என்றார். சரி, சரி, கவலைப்படாதே என்று அர்த்தம். நானும் கவலைப்படவில்லை. வீட்டைக் கழுவித் துடைத்து, சாவியைக் கொடுத்து, முன்பணம் எப்போது என்று கேட்டேன். கடிதம் வரும் என்றார். ஏப்ரல் நடுவில் பதிவுத் தபாலில் கடிதம் வந்தது, பிரெஞ்சில். 32,000 என்ற எண் கண்ணில் பட்டதும், முன்பணத்தைத் திருப்பித் தரும் கடிதம் என்று முடிவு கட்டிப் பையில் வைத்துக்கொண்டு மூன்று வாரம் காத்திருந்தேன். அந்த மூன்று வாரத்தை நினைத்தால் இன்றும் வயிற்றைப் பிசைகிறது. கடிதத்தில் பதினைந்து நாள் கெடு இருந்தது.

மே முதல் வாரத்தில் சாப்பாட்டு இடைவேளையில் அந்தக் கடிதத்தை வைத்துக்கொண்டு போனில் ஒவ்வொரு சொல்லாகத் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தேன். பத்திரமும் பக்கத்தில் இருந்தது. முழுப் பொருள் பிடிபடவில்லை, ஆனால் ஏதோ தப்பு என்று மட்டும் புரிந்து அழுதுகொண்டிருந்தேன். எதிரே வந்து உட்கார்ந்தவர் தாந்தின். ஒன்றும் கேட்காமல் கையை நீட்டினார். கொடுத்தேன். மூக்குக் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு கடிதத்தைப் படித்தார், பிறகு பத்திரத்தை எடுத்து மூன்றாம் பக்கத்தில் விரலை வைத்தார். ‘ஐயோ!’ என்றார்.

அந்த ‘ஐயோ’ கிரியோல் சொல். அந்தத் தீவில் சீனரும் ஆப்பிரிக்க வம்சாவளியினரும் முஸ்லிம்களும் எல்லாரும் ‘ஐயோ’ என்றுதான் சொல்கிறார்கள். ஒரு வருடமாகத் தினமும் கேட்டுக்கொண்டிருந்தேன். அன்றுதான் என் காதில் அது தமிழாக விழுந்தது.

அவர் விரல் வைத்த இடத்தில் ‘தாசித் ரெகோன்டுக்சியோன்’ என்று இருந்தது. வாய்திறக்காமல் இருந்தால் ஒப்பந்தம் தானாகவே இன்னொரு வருடத்துக்கு நீளும் என்று பொருள். நீளாமல் இருக்க வேண்டுமானால், முடிவதற்கு மூன்று மாதத்துக்கு முன், அதாவது டிசம்பர் இறுதிக்குள், ஒப்புகை அட்டையுடன் கூடிய பதிவுத் தபாலில் எழுத்தில் தெரிவித்திருக்க வேண்டும். வாயால் சொன்னது கணக்கில் இல்லை. வீட்டுக்காரர் கேட்டது பன்னிரண்டு மாத வாடகை. 32,000ஐ அதில் கழித்துக்கொள்வதாகத்தான் கடிதம் சொன்னது. மொத்தம் 1,92,000. தாந்தின் தன் அக்காள் மகனை அழைத்துக்கொண்டு என்னோடு வந்தார். அவர் வழக்கறிஞர் அலுவலகத்தில் குமாஸ்தா. மூன்று மாலை உட்கார்ந்து பேசினார்கள். பேச்சு ‘போன்ழூர் முசியே’ என்று மரியாதையான பிரெஞ்சில் தொடங்கும், விலை பேசும்போது கிரியோலுக்கு இறங்கும், காகிதம் எழுதும்போது மறுபடி பிரெஞ்சுக்கு ஏறும். நான் நடுவில் பொம்மைபோல உட்கார்ந்திருந்தேன். முன்பணம் 32,000 போனது; அதற்கு மேல் மூன்று மாத வாடகை 48,000 கொடுத்து முடித்தோம். மொத்தம் 80,000. அது என் மகனின் மேல்நிலைப் படிப்புக்கு என்று ஒதுக்கி வைத்திருந்த தொகை.

ஆகவே வாடகைக்கோ வேறெதற்கோ பிரெஞ்சில் காகிதம் நீட்டினால், தரகரின் சுருக்கத்தை நம்பாதீர்கள். ‘நாளை தருகிறேன்’ என்று சொல்லி வீட்டுக்கு எடுத்துப்போங்கள். அதில் தப்பு ஒன்றும் இல்லை, அங்கே அது வழக்கமும்கூட. காசு கொடுத்தாவது ஒரு நோட்டரியிடமோ வழக்கறிஞரிடமோ படித்துக் காட்டுங்கள். அந்தக் கட்டணம் இழப்போடு பார்த்தால் தூசு. எப்போது முடிகிறது, தானாக நீளுமா, எத்தனை மாதத்துக்கு முன் எப்படிச் சொல்ல வேண்டும், இந்த மூன்றையும் கேட்டு ஒரு தாளில் தமிழில் எழுதிப் பத்திரத்தோடு ஒட்டிவையுங்கள். குடிபுகும் நாளில் வீட்டின் நிலைமையைப் பட்டியலிட்டு இருவரும் கையெழுத்திடும் காகிதம் ஒன்று உண்டு. அது இல்லாமல் சாவி வாங்காதீர்கள், மூலை முடுக்கெல்லாம் படம் எடுத்து வையுங்கள். எந்த முடிவையும் வாயால் சொன்னால், அதே நாளில் பதிவுத் தபாலிலும் சொல்லுங்கள். தபால் ரசீதைப் பாஸ்போர்ட் வைக்கும் இடத்தில் வையுங்கள். பிரெஞ்சில் வந்த கடிதத்தை ஒரு இரவுகூடப் படிக்காமல் விடாதீர்கள்.

கிரியோலைப் போன உடனே கற்கத் தொடங்குங்கள். நான் ஒரு வருடம் வீணாக்கினேன். என் லைனில் இருந்த வங்கதேசப் பெண்கள் ஆறு மாதத்தில் சரளமாகப் பேசினார்கள். ஆங்கிலம் தெரியாததுதான் அவர்களுக்கு நல்லதாகப் போயிற்று. வினைச்சொல் ஆளுக்கேற்ப மாறாது. மோ மான்ஸே என்றால் நான் சாப்பிடுகிறேன். மோ பே மான்ஸே, சாப்பிட்டுக்கொண்டிருக்கிறேன். மோ தி மான்ஸே, சாப்பிட்டேன். மோ பு மான்ஸே, சாப்பிடுவேன். அவ்வளவுதான் காலம். கடைக்குள் நுழைந்ததும், கவுண்டரில் நின்றதும், எதையும் கேட்கும் முன் ‘போன்ஸூர்’ சொல்லுங்கள்; சொல்லாமல் நேரே கேள்வி கேட்பது அங்கே அவமரியாதை. வங்கியிலும் பெரிய அலுவலகத்திலும் முதலில் பிரெஞ்சிலோ ஆங்கிலத்திலோ தொடங்கி, அவர்கள் கிரியோலுக்கு வந்தால் நீங்களும் வாருங்கள்.

கற்கத் தொடங்க நல்ல இடம் காய்கறிச் சந்தை. தாந்தின் என்னைக் கத்ர் போர்ன் சந்தைக்குக் கூட்டிப்போனார். அங்கே முருங்கைக்கீரை ‘ப்ரேத் முரும்’. பீர்க்கங்காய் ‘பிப்பெங்காய்’. கொத்தமல்லி ‘கொத்தோமிலி’. கறிவேப்பிலை ‘காரிபூலே’. ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டி அவர் கிரியோலில் சொல்ல, நான் தமிழில் சொன்னேன். ரசத்தை ‘ராசோன்’ என்கிறார்கள். கோவில் விருந்திலும் கல்யாணத்திலும் வாழையிலையில் ஏழு கறி வைப்பார்கள். அதற்கு ‘செத் காரி’ என்றே பெயர். தமிழ் தெரியாதா என்று நான் கேட்ட பெண்மணியின் சமையலறை முழுக்கத் தமிழ் இருந்தது.

அன்று அவர் வீட்டுக்குப் போய்த்தான் மன்னிப்புக் கேட்டேன். கிரியோலில், தப்பும் தவறுமாக. அவர் பதில் சொல்லாமல் உள்ளே போய் ஒரு நோட்டுப் புத்தகம் கொண்டுவந்தார். நீல அட்டை, ஓரமெல்லாம் எண்ணெய்க் கறை. தைப்பூசக் காவடிக்குப் பத்து நாள் விரதம் இருக்கும்போது பாடும் பாட்டுகள், எல்லாம் பிரெஞ்சு எழுத்தில். ‘உ’ வரும் இடமெல்லாம் இரண்டு எழுத்து போட்டு, ‘முருகா’ ஏழெட்டு எழுத்து நீளத்துக்கு இருந்தது. அவர் அம்மா சொல்லச் சொல்லப் பதினொரு வயதில் எழுதியதாம். பாடிக் காட்டினார். பொருள் தெரியாது என்றார். உச்சரிப்பில் எனக்குச் சரிசெய்ய ஒன்றும் இருக்கவில்லை. ‘ழ’ மட்டும் வேறாக ஒலித்தது, அதைத் தொடவில்லை. ஒவ்வொரு வரிக்கும் பொருள் சொன்னேன். இரவு பத்து மணி ஆகிவிட்டது.

பின்னால் அந்த ஆண்டு இறுதியில் அவருடைய முன்னோரைத் தேடி மோக்காவில் இருக்கும் மகாத்மா காந்தி நிறுவனத்துக்குப் போனோம். ஒப்பந்தக் கூலிகளின் பதிவேடுகள் அங்கே இருக்கின்றன. வம்சாவளியினர் விண்ணப்பித்தால் தேடித் தருவார்கள். அங்கே போகிறவர்கள், பாட்டனார் பாட்டியின் பழைய பிறப்பு, திருமண, இறப்புச் சான்றிதழ்களை எடுத்துக்கொண்டு போங்கள். வந்திறங்கியபோது கொடுத்த எண் அதில் எங்காவது இருந்தால் தேடல் சுலபம். பெயரை மட்டும் வைத்துத் தேடினால் எழுத்தர் எப்படி எழுதினார் என்று பத்துவிதமாகப் பார்க்க வேண்டியிருக்கும். எங்களிடம் எண் இருந்தது, கிடைத்துவிட்டது. கொள்ளுத் தாத்தாவின் வயது, உயரம், உடம்பில் இருந்த தழும்பு, வந்த கப்பல், மாவட்டம், ஊர். மாவட்டம் தஞ்சாவூர் என்பது தாந்தினுக்கே புரிந்தது. ஊர்ப் பெயரைத்தான் பிரெஞ்சு முறையில் ‘மனார்கூதி’ என்று படித்துவிட்டு, இப்படி ஓர் ஊர் வரைபடத்தில் இல்லை, பல வருடமாகத் தேடிவிட்டேன் என்றார்.

தாளை வாங்கிப் பார்த்தேன். ‘மன்னார்குடி’ என்றேன்.

அவர் திருப்பிச் சொன்னார். மறுபடி சொன்னார். பையிலிருந்து அந்த நீல நோட்டை எடுத்துக் கடைசிப் பக்கத்தில் தன் எழுத்தில் எழுதிக்கொண்டார்; என்னையும் அதற்குக் கீழே தமிழில் எழுதச் சொன்னார். பிறகு, உன் ஊரிலிருந்து அங்கே போக எவ்வளவு நேரமாகும் என்று கேட்டார். திருச்சி வழியாக பஸ்ஸில் போனால் ஆறு மணி நேரம் ஆகலாம் என்று சொன்னேன்.